வார்டனைக் கொன்றவனுக்கு ஐந்து புள்ளி

வார்டன் என்றதும் ராத்திரி பத்து மணிக்கு டார்ச் லைட்டோடு அட்டெண்டன்ஸ் எடுக்க வரும் ஹாஸ்டல் மனிதர் ஞாபகத்துக்கு வந்தால் அது யார் தப்பும் இல்லை. ஆனால் இங்கே பேசப்போவது இன்னொரு வார்டனைப் பற்றி. மைன்கிராஃப்ட் விளையாட்டில், பூமிக்கு அடியில் வெகு ஆழத்தில், கும்மிருட்டில் தரையைப் பிளந்துகொண்டு எழுந்து வருமே, அந்த ராட்சதன். அதற்குக் கண் கிடையாது. காதும் மூக்கும்தான். அந்த விளையாட்டில் அதைவிட பலமான அடி கொடுக்கும் பிராணியைத் தேடிக் கண்டுபிடிப்பது கஷ்டம்.

இந்த வார்டனை வைத்து ஒரு வியாதி பரவியிருக்கிறது. யூடியூபைத் திறந்தால் வார்டனை வெறுங்கையால் கொல்வது எப்படி, ஒரு நிமிடத்தில் கொல்வது எப்படி, பத்து வார்டனை வரிசையாக நிற்கவைத்துக் கொல்வது எப்படி என்கிற ரீதியில் தலைப்புகள். கேன்டீனில் டீ ஆறிக்கொண்டிருக்கும்போதும் இதே பேச்சு. "இதுவரைக்கும் எத்தனை வார்டன் போட்டிருக்க மாப்ள?" மூன்று என்று சொன்னால் மரியாதை. ஒன்றுகூடப் போடவில்லை, எழுப்பாமலே போய்விட்டு வந்தேன் என்று சொன்னால் சிரிப்பு.

சிரிப்பவர்களுக்கு விஷயமே புரியவில்லை என்பதுதான் இந்தக் கட்டுரையின் வாதம். வார்டனைக் கொல்வது வீரம் இல்லை. அதனிடமிருந்து பிழைப்பது என்றால் அதை ஜெயிப்பது இல்லை. எழுப்பாமல் உள்ளே போய், வேண்டியதை எடுத்துக்கொண்டு, எழுப்பாமல் வெளியே வருவது. வெறும் கேம் சமாச்சாரம் என்றால் இவ்வளவு மெனக்கெட வேண்டியதில்லை. இதே உதார்தான் நிஜக் காட்டுப் பாதையில் நிஜ யானைக்கு முன்னால் செல்போனை நீட்டிக்கொண்டு நிற்கிறது. அங்கே செத்தால் திரும்பக் கட்டிலில் எழுந்திருக்க முடியாது.

முதலில் ஆளைத் தெரிந்துகொள்வோம்

மைன்கிராஃப்ட் ஆடாதவர்களுக்காகக் கொஞ்சம் அடிப்படை. 2011 நவம்பரில் முழு வடிவில் வெளியான விளையாட்டு இது. ஸ்வீடனில் இருக்கும் மோஜாங் நிறுவனத்தின் தயாரிப்பு. 2014-இல் மைக்ரோசாஃப்ட் 250 கோடி டாலர் கொடுத்து அந்த நிறுவனத்தையே வாங்கியது. 2023-இல் 30 கோடிப் பிரதிகள் விற்றுவிட்டன என்று அறிவித்தார்கள். இதைச் சாண்ட்பாக்ஸ் வகை என்பார்கள். காவிரி மணலில் பிள்ளைகள் வீடு கட்டி, கோயில் கட்டி, இடித்து, மறுபடி கட்டுவது போல. இதைச் செய், அதைச் செய்யாதே என்று யாரும் சொல்வதில்லை.

அந்த மணலுக்குள்தான் வார்டனைக் கொண்டுவந்து வைத்தார்கள். 2020 அக்டோபரில் அறிவித்து, தள்ளித் தள்ளிப் போட்டு, 2022 ஜூன் 7 அன்று 1.19 பதிப்பில் விட்டார்கள். எண்களைப் பாருங்கள். ஆடுபவரின் உயிர் 20 புள்ளி. விளையாட்டின் கடைசி எதிரி என்று பேர்பெற்ற எண்டர் டிராகனுக்கு 200. வார்டனுக்கு 500! சாதாரண நிலையில் அது ஒரு கை வீசினால் 30 புள்ளி போகும். விளையாட்டிலேயே உசத்தியான நெதரைட் கவசத்தைத் தலை முதல் கால் வரை போட்டிருந்தாலும், அதில் மந்திரம் எதுவும் ஏற்றாவிட்டால், இரண்டு அடியில் கதை முடிந்தது. கடின நிலையில் ஒரே அடி போதும்.

தூரமாக நின்று அம்பு விடலாமே என்று தோன்றும். தூண் கட்டி உச்சியில் நின்றுகொள்ளலாமே என்றும் தோன்றும். அதற்கும் வழி அடைத்துவிட்டார்கள். எட்டாத இடத்தில் ஆள் இருந்தால் வார்டன் நெஞ்சைத் திறந்து ஒலியாலேயே அடிக்கும். பக்கவாட்டில் 15 கட்டம், மேலே 20 கட்டம் வரை அந்த அடி வரும். சுவரைத் துளைத்து வரும். கேடயம் தடுக்காது. கவசமும் தடுக்காது. நெருப்புக் குழம்பில் தள்ளினாலும் வார்டனுக்கு ஒன்றும் ஆகாது. அடித்துப் பின்னுக்குத் தள்ளவும் முடியாது.

ஒரு விளையாட்டைச் செய்தவர்கள் இத்தனை கதவையும் ஒவ்வொன்றாக அடைத்து வைத்திருக்கிறார்கள் என்றால் அதற்கு என்ன அர்த்தம்? இது சண்டைக்கான ஆள் இல்லை என்று அர்த்தம். புயல் வந்தால் புயலோடு யாரும் மல்லுக்கட்டுவதில்லை. கொள்ளிடத்தில் சுழல் இருக்கும் இடம் தெரிந்தால் அந்தப் பக்கம் இறங்காமல் குளித்துவிட்டு வருவார்கள். சுழலை ஜெயித்தேன் என்று எவனும் அம்மா மண்டபத்தில் வந்து மார்தட்டுவதில்லை.

பற்று, வரவு, நிகர நஷ்டம்

சரி, கொன்றே ஆகவேண்டும் என்று ஒருவன் பிடிவாதமாக இறங்குகிறான் என்று வைத்துக்கொள்வோம். முதலாண்டு பி.காம் மாணவன் போடும் லாப நட்டக் கணக்கை இதற்குப் போட்டுப் பார்க்கலாம்.

பற்றுப் பக்கம்: நான்கு நெதரைட் கவசத் துண்டுகள். அதற்கு 16 ஏன்ஷியன்ட் டெப்ரி வேண்டும். அதைத் தேடி நெதர் உலகத்தில் எத்தனை மணி நேரம் சுரங்கம் தோண்ட வேண்டும் என்பது தோண்டியவர்களுக்குத் தெரியும். அப்புறம் வாள். மந்திரம் ஏற்றாத நெதரைட் வாளின் ஒரு வெட்டு 8 புள்ளி. 500-ஐ 8-ஆல் வகுத்தால் 63 வெட்டு. அந்த 63 வெட்டுக்குள் அது இரண்டு முறை தொட்டாலே போச்சு. செத்தால் கையிலிருந்தது எல்லாம் அங்கேயே சிதறும். மறுபடி அந்த இருட்டுக்குள் போய், கொன்ற ராட்சதன் இன்னும் உலாத்திக்கொண்டிருக்கும் இடத்தில், சிதறியவை ஐந்து நிமிடத்தில் மறைவதற்குள் பொறுக்கியாக வேண்டும்.

வரவுப் பக்கம்: ஸ்கல்க் கேட்டலிஸ்ட் என்ற கட்டி ஒன்று. அனுபவப் புள்ளி ஐந்து.

ஆமாம், ஐந்துதான். எழுத்துப்பிழை இல்லை :-) ராத்திரியில் வாசலுக்கு வந்து உறுமும் சாதாரண ஜாம்பியைக் கொன்றால் கிடைப்பதும் ஐந்துதான். எண்டர் டிராகனை முதல் தடவை சாய்த்தால் 12,000 புள்ளி. விதரைக் கொன்றால் 50 புள்ளியும், வேறு எங்கேயும் கிடைக்காத நெதர் நட்சத்திரமும். வார்டனுக்கு மட்டும் ஐந்து. இன்னும் கேவலம் என்னவென்றால், அந்தக் கட்டி வார்டன் வசிக்கும் பகுதியிலேயே தரையில் சும்மா கிடக்கிறது. பக்கத்தில் இருக்கும் ஒரு ஸ்கல்க் சென்சாரை உடைத்தாலும் அதே ஐந்து புள்ளி கொட்டுகிறது.

இது கஞ்சத்தனம் இல்லை. பரிசு என்பது விளையாட்டைச் செய்தவர் பேசும் மொழி. எதற்குப் பரிசு கொடுக்கிறாரோ அதைச் செய் என்கிறார். எதற்குக் கொடுக்கவில்லையோ அதை விட்டுவிடு என்கிறார். வார்டன் விஷயத்தில் இதைவிடச் சத்தமாகச் சொல்ல முடியாது. ஆனால் கேட்பவர்கள் காதில் விழவில்லை. வார்டனுக்கே அதைவிட நல்ல காது.

பரிசு வேறு இடத்தில் இருக்கிறது. ஏன்ஷியன்ட் சிட்டி என்ற இடிந்த நகரத்தின் பெட்டிகளில். ஸ்விஃப்ட் ஸ்னீக் என்ற மந்திரப் புத்தகம் அங்கே மட்டும்தான் கிடைக்கும். சாதாரணமாகப் பதுங்கி நடந்தால் வேகம் நடையில் 30 சதவீதம்தான். இந்த மந்திரம் மூன்றாம் நிலையில் இருந்தால் 75 சதவீதம். எக்கோ ஷார்டும் அங்கே மட்டும்தான். எட்டு ஷார்டை ஒரு திசைகாட்டியைச் சுற்றி வைத்தால், கடைசியாகச் செத்த இடத்தைக் காட்டும் கருவி கிடைக்கும். கவனியுங்கள், இது ஒன்றுகூட வார்டனைக் கொன்றவனுக்கு என்று எழுதி வைக்கப்படவில்லை. சத்தமில்லாமல் போய்ப் பெட்டியைத் திறந்தவனுக்கு.

பிழைக்கும் வழி

கொல்லும் வித்தையைச் சொல்லிக்கொடுக்க ஆயிரம் பேர் இருக்கிறார்கள். பிழைக்கும் வழி இவ்வளவுதான்:

1. பதுங்கி நட. ஷிஃப்ட் விசையை அழுத்திக்கொண்டு நடந்தால் காலடி அதிர்வு போகாது. ஆனால் கல்லை உடைப்பதும் பெட்டியைத் திறப்பதும் பதுங்கினாலும் கேட்கும். இந்த வித்தியாசம் தெரியாமல் செத்தவர்கள் அநேகம்.

2. கம்பளி எடுத்துக்கொண்டு போ. வாள் இல்லாமல்கூடப் போகலாம், கம்பளி இல்லாமல் போகாதே. கம்பளி மேல் நடந்தால் சத்தம் இல்லை. வைத்தாலும் எடுத்தாலும் சத்தம் இல்லை. சத்தம் வரும் இடத்துக்கும் சென்சாருக்கும் நடுவில் கம்பளி இருந்தால் அதிர்வு அங்கேயே நின்றுவிடும்.

3. எண்ணிக்கொள். ஷ்ரீக்கர் அலறினால் உடனே வார்டன் வராது. மூன்று முறை எச்சரிக்கை. நாலாவது அலறலுக்குத்தான் தரை பிளக்கும். புதிதாக அலறல் இல்லாமல் பத்து நிமிடம் போனால் கணக்கில் ஒன்று குறையும். மூன்று ஆகிவிட்டதென்றால் பெட்டி எவ்வளவு கிட்டத்தில் இருந்தாலும் விலகிப்போய்ப் பொறுத்திரு.

4. வந்தேவிட்டால் ஓடாதே. ஓடும் ஒவ்வொரு காலடியும் மணி அடித்துக் கூப்பிடுவது மாதிரி. ஒரு பனிப்பந்தையோ முட்டையையோ எதிர்த் திசையில் தூரமாக எறி. சத்தம் விழுந்த இடத்துக்கு அது போகும். நீ இந்தப் பக்கம் பதுங்கி நகர். அதற்கு மோப்பமும் உண்டு, அதனால் கிட்டத்திலேயே சிலை மாதிரி நின்றுவிடாதே. 60 விநாடி எந்த அதிர்வும் தட்டுப்படாவிட்டால் அது தானாகவே மண்ணுக்குள் இறங்கிப் போய்விடும்.

5. கூட வரும் நண்பனை நினைத்துக்கொள். பலர் சேர்ந்து ஆடும்போது எச்சரிக்கைக் கணக்கு தனித்தனியாக இருப்பதில்லை. பக்கத்தில் நிற்பவனுக்கும் அதே எண்ணிக்கை ஏறும். ஒருத்தன் குதித்துக் கும்மாளம் போட்டால், மூன்று அடி தள்ளி மூச்சைப் பிடித்துக்கொண்டு பதுங்கியிருப்பவனும் சேர்ந்து சாவான்.

இதெல்லாம் ஹாஸ்டல் பிள்ளைகளுக்குத் தெரியாத வித்தையா என்ன? கேட் பூட்டிய பிறகு செருப்பைக் கையில் தூக்கிக்கொண்டு, மாடிப்படியில் முன்காலால் நடந்து, கட்டிலில் விழுந்து போர்வையை இழுத்துக்கொள்வதில் பாதிப் பேர் பட்டம் வாங்கியவர்கள். அந்த வார்டனோடு சண்டை போட்டு ஜெயித்து உள்ளே போனேன் என்று யாராவது சொன்னால் பைத்தியம் என்பார்கள். அந்த வார்டனிடம் இருக்கும் விவேகம் இந்த வார்டனிடம் வந்ததும் எங்கே போகிறது?

"அப்புறம் எதுக்கு கேம் ஆடணும்?"

எதிர்த்தரப்பு சும்மா இருக்காது. மூன்று கேள்விகள் வரும்.

முதல் கேள்வி, இது சாண்ட்பாக்ஸ் ஆயிற்றே, இஷ்டப்படி ஆடுவதற்குத்தானே விளையாட்டு, கொல்வது அவனவன் இஷ்டம் இல்லையா? இஷ்டம்தான். யாரும் கையைப் பிடிக்கவில்லை. தரைக்கு அடியில் பொறி வைத்து, இரும்புக் காவலர்களைக் கூட்டம் கூட்டமாக ஏவி, வார்டனை மடக்கும் யோசனைகளில் நிஜமான மூளை இருக்கிறது. ஒரு தடவை செய்து பார்த்தவனைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆட்சேபம் கொல்வதில் இல்லை, அதை அளவுகோலாக வைப்பதில். எழுப்பாமல் வந்தவனைப் பயந்தாங்கொள்ளி என்று கேலி செய்வதில். சுதந்திரம் என்று ஆரம்பித்து, ஒரே மாதிரி ஆடாதவனை மட்டம் தட்டுவதில் முடித்தால் அது சாண்ட்பாக்ஸ் இல்லை. கட்டாய பரேடு.

இரண்டாவது கேள்வி கொஞ்சம் கனமானது. முயலைக் கொன்ற அம்பைவிட யானைக்குக் குறிவைத்துத் தப்பிய வேலை ஏந்துவதே இனிது என்று வள்ளுவரே சொல்லியிருக்கிறாரே? சொல்லியிருக்கிறார், போர்க்களத்தைப் பற்றிப் பேசும் இடத்தில். எதிரில் படை நிற்கும்போது சின்ன இலக்கைத் தேடாதே என்பது அதன் பொருள். அதே வள்ளுவர், பயப்பட வேண்டியதற்குப் பயப்படாமல் இருப்பது அறியாமை என்றும், பயப்படுவது அறிவுள்ளவர் வேலை என்றும் வேறோர் இடத்தில் சொல்லியிருக்கிறார். முதலாவதை மட்டும் மனப்பாடம் செய்துவிட்டு இரண்டாவதைச் சாய்ஸில் விட்டால் எப்படி?

ஸ்ரீரங்கம் சேஷராயர் மண்டபத்துக்குப் போனவர்கள் அந்தத் தூண்களை மறக்கமாட்டார்கள். முன்னங்கால் தூக்கிப் பாயும் குதிரைகள், மேலே வீரர்கள், கீழே ஈட்டி வாங்கும் புலிகள். கல்லில் செய்ததா, மெழுகில் செய்ததா என்று சந்தேகம் வரும். எல்லோருக்கும் அந்தக் குதிரை வீரன் ஆகத்தான் ஆசை. ஆனால் தூணைச் சுற்றிவந்து பார்த்தால் குதிரைக்குக் கீழே காலாட்களும் தெரிவார்கள். அது தனி ஒருவனின் சாகசம் இல்லை. படை, குதிரை, ஆயுதம், அரசாங்கம் எல்லாம் சேர்ந்த ராஜ வேட்டை. ராஜாவின் பெருமையைச் சொல்ல வடித்த சிற்பத்தைப் பார்த்துவிட்டு, காட்டில் நடந்துகொள்ளும் முறை அதுதான் என்று முடிவுகட்டக் கூடாது. புலி இருக்கும் காட்டோரத்தில் தினமும் விறகு பொறுக்கி வீடு திரும்பியவர்களுக்கு யாரும் தூண் வைக்கவில்லை. வைத்திருந்தால் அந்தத் தூணில் ஈட்டி இருக்காது. காதைத் தீட்டிக்கொண்டு நிற்கும் ஒரு பெண் இருப்பாள்.

மூன்றாவது கேள்வி, ராட்சதனை ராட்சதன் என்றுதானே நடத்த வேண்டும்? இதற்குப் பதில் விளையாட்டிலேயே இருக்கிறது. ஜாம்பி உங்கள் வீட்டு வாசலுக்கு வருகிறது. கிரீப்பர் முதுகுக்குப் பின்னால் வந்து வெடிக்கிறது. வார்டன் அப்படி யார் வீட்டுக்கும் வருவதில்லை. அதன் இடத்துக்கு நீங்கள் போய், அதன் பெட்டியைத் திறந்து, நான்கு முறை அலறவைத்தால்தான் எழுகிறது. எழுந்த பிறகும் ஒரு நிமிடம் அமைதி கொடுத்தால் திரும்பிப் போய்விடுகிறது. அந்த இடத்தில் அத்துமீறி நுழைந்தவர் யார்? வார்டனா, நீங்களா?

ரீஸ்பான் இல்லாத காடு

இப்போது ஸ்கிரீனை அணைத்துவிட்டு வால்பாறைக்குப் போவோம். ஆனைமலைப் புலிகள் காப்பகம் சுற்றி நிற்க, நடுவில் தேயிலைத் தோட்டங்கள். யானைகளும் தோட்டத் தொழிலாளர்களும் ஒரே பாதையில் நடக்கும் ஊர். அங்கே இயற்கைப் பாதுகாப்பு அறக்கட்டளையைச் சேர்ந்த எம். ஆனந்த குமாரும் அவரது குழுவினரும், யானையால் நேர்ந்த மரணங்களை ஒவ்வொன்றாக ஆராய்ந்தார்கள். யானை அங்கே இருப்பது தெரியாமல் எதிரில் போய் நின்றதால்தான் பெரும்பாலானவர்கள் இறந்திருந்தார்கள். வீரம் பற்றாமல் யாரும் சாகவில்லை, தகவல் இல்லாமல் செத்தார்கள்.

அதனால் அவர்கள் தகவலைக் கொடுத்தார்கள். யானை எங்கே நிற்கிறது என்று தொழிலாளர்களின் கைபேசிக்குக் குறுஞ்செய்தி. உள்ளூர் கேபிள் டிவியில் ஓடும் வரி. முக்கியமான திருப்பங்களில் உயரமான கம்பத்தில் சிவப்பு எல்.இ.டி. விளக்கு. பக்கத்தில் யானை இருந்தால் கைபேசி வழியாகவே அந்த விளக்கு எரியும். வேலை முடிந்து இருட்டில் வீடு திரும்பும் ஒரு பெண் அந்தச் சிவப்பைப் பார்த்தால் நின்றுவிடுவாள், வேறு வழியாகப் போவாள், இல்லை காத்திருப்பாள். மரணங்கள் குறைந்தன. 2015-இல் ஆனந்த குமாருக்கு விட்லி விருது கிடைத்தது. இதில் துப்பாக்கி எங்கே? ஈட்டி எங்கே? யானை இருக்கிறது, இப்போது போகாதே. இந்த ஒரு வாக்கியத்தைச் சரியான நேரத்தில் சரியான ஆளுக்குச் சேர்த்ததுதான் மொத்த வெற்றியும்.

அதே வால்பாறை–பொள்ளாச்சி சாலையில் 2025 பிப்ரவரியில் நடந்தது வேறு கதை. சாலையில் யானை நின்றது. இரண்டு பக்கமும் வண்டிகள் நின்றுவிட்டன. பைக்கில் வந்த வெளிநாட்டுப் பயணி ஒருவர் மட்டும் கடந்துவிடலாம் என்று போனார். யானை தாக்கி இறந்தார். காத்திருந்தவர்கள் எல்லோரும் வீட்டுக்குப் போனார்கள். அதே ஆண்டு ஆகஸ்டில் பந்திப்பூரில் ஒருவர் யானையைக் கிட்டத்தில் படம் பிடிக்கப் போய், துரத்தப்பட்டு, விழுந்து, மிதிபட்டு, எப்படியோ உயிர் பிழைத்தார். கர்நாடக வனத்துறை அவருக்கு 25,000 ரூபாய் அபராதம் போட்டது. அந்த வீடியோவைப் பார்த்தவர்கள் லட்சக்கணக்கில். கணக்குப் பாடத்தில் இதற்கு என்ன பெயர் வைப்பது? வரவு ஒரு புகைப்படம், செலவு கிட்டத்தட்ட ஓர் உயிர்.

2023 மே மாதம் கம்பத்தில் நடந்தது இன்னும் யோசிக்க வைப்பது. கேரளாவின் சின்னக்கானலில் பிடித்து, பெரியாறு காட்டில் கொண்டுபோய் விட்ட அரிக்கொம்பன் யானை, மே 27 அன்று கம்பம் ஊருக்குள்ளேயே வந்துவிட்டது. மூன்று பேர் காயப்பட்டார்கள், அவர்களில் ஒருவர் பிறகு இறந்தார். ஊரில் தடை உத்தரவு போட்டார்கள். யானை ஒரு தோப்பில் ஒதுங்கி நின்ற நேரத்தில் வீடியோவுக்காக ஒருவர் அதன் தலைக்கு மேல் டிரோனைப் பறக்கவிட்டார். யானை மிரண்டு ஓடியது. அவரைப் பிடித்தார்கள். கடைசியில் ஜூன் 5 அன்று மயக்க ஊசி போட்டு, களக்காடு முண்டந்துறைக் காட்டில் விட்டார்கள். அந்த ஊருக்கு யானை வந்ததற்கு டிரோன்காரர் காரணம் இல்லை. ஆனால் நின்ற யானையை ஓடவைத்தது அந்தச் சத்தம். யானை எந்தத் தெருவுக்குள் ஓடும் என்று அவருக்குத் தெரியாது. எங்கே ஓடினாலும் அங்கே இருப்பது வேறு யாரோ. ஐந்தாவது விதி ஞாபகம் இருக்கிறதா? ஒருத்தன் போடும் சத்தத்தின் கணக்கு பக்கத்தில் இருப்பவன் பெயரிலும் ஏறும்.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். மைன்கிராஃப்ட் ஆடியதால் இவர்கள் இப்படி ஆனார்கள் என்று சொல்ல வரவில்லை. கேம் ஆடினால் பிள்ளை கெட்டுப்போகும் என்று புலம்பும் மாமாக்களின் ஜல்லி வேறு கதை. உண்மையில் இந்த விளையாட்டு சொல்லிக்கொடுப்பது அதற்கு நேர் எதிரான பாடம். அமைதியாக இரு, எண்ணிக்கொள், விலகிப்போ, அடுத்தவனை மாட்டிவிடாதே. அந்தப் பாடத்தைத்தான் கொல்லும் வீடியோக்கள் தலைகீழாக்குகின்றன. அதேபோல, வாழைக்கும் கரும்புக்கும் காவல் இருந்து ராத்திரியெல்லாம் கண்விழிக்கும் விவசாயியையும் இதில் சேர்க்கக் கூடாது. யானை அவரைத் தேடி வருகிறது, அவருடைய பயம் வேறு, நஷ்டம் வேறு. இங்கே குற்றவாளிக் கூண்டில் நிற்பது வேடிக்கை பார்க்கப் போனவன்தான். உள்ளூர்க்காரர் ஒதுங்கி நிற்கும் இடத்தில் முன்னால் போய் நின்று, அதற்கு வீரம் என்று பெயர் வைப்பவன்.

பச்சைமலை ஏறும் பைக்குகளுக்கு

திருச்சியிலிருந்து துறையூர் தாண்டிப் பச்சைமலை ஏறும் பைக்குகளுக்கும் இதில் ஒரு சேதி இருக்கிறது. பச்சைமலையில் வார்டனும் இல்லை, அரிக்கொம்பனும் இல்லை. செமஸ்டர் முடிந்த மறுநாள் எட்டு வண்டியில் பதினாறு பேர் டாப் செங்காட்டுப்பட்டி வரை போய், மங்களம் அருவியில் குளித்துவிட்டு வருவதில் யாருக்கும் ஆட்சேபம் இல்லை. வளைவுக்கு வளைவு ஹாரன், பையில் தொங்கும் புளூடூத் ஸ்பீக்கர், சைலன்சரைக் கழற்றிய வண்டி, இதெல்லாம்தான் கேள்வி. அந்த மலை ஒரு பிக்னிக் மைதானம் இல்லை. மலையாளி பழங்குடி மக்கள் தலைமுறை தலைமுறையாக மரவள்ளி போட்டு வாழும் ஊர்கள் அங்கே இருக்கின்றன. பெரிய மிருகம் எதிரில் வராத மலையில் சத்தம் போட்டுப் பழகியவன், நாளைக்கு வால்பாறைக்கோ முதுமலைக்கோ போகும்போது மட்டும் ஸ்பீக்கரை அணைப்பான் என்று எதிர்பார்க்க முடியுமா? பழக்கம் சமவெளியில் ஒன்று, காட்டில் ஒன்று என்று மாறாது.

ஆகவே கோரிக்கை ரொம்பச் சின்னது. கேன்டீனில் இனிமேல் எத்தனை வார்டன் போட்டாய் என்று கேட்காதீர்கள். எத்தனை ஏன்ஷியன்ட் சிட்டியை ஒரு அலறல்கூட இல்லாமல் காலி செய்தாய் என்று கேளுங்கள். அதற்குப் பதில் சொல்வதுதான் கஷ்டம். 63 வெட்டு வெட்ட விரல் போதும். மூன்றாவது அலறலுக்குப் பிறகு, பெட்டி கண்ணுக்குத் தெரியும் தூரத்தில் இருக்கும்போது, பத்து நிமிடம் சும்மா உட்கார்ந்திருக்க வேறு ஏதோ வேண்டும். அந்த வேறு ஏதோ இருப்பவர்கள்தான் சிவப்பு விளக்கைப் பார்த்து நிற்கிறார்கள், வீட்டுக்கும் போய்ச் சேருகிறார்கள்.

வார்டனைக் கொன்றவனுக்கு அந்த ஐந்து புள்ளி போகட்டும். ஜாம்பிக்குக் கிடைக்கும் அதே ஐந்து.